வாயிலில் நிற்போர் சொல்லும் சாட்சி

பனி படர்ந்த காலைப்பொழுது. ஊர் இன்னும் முழுதும் விழிக்கவில்லை. மருத்துவமனை ஒன்றின் எதிரே, நடைபாதையில் நான்கைந்து பேர் நிற்கின்றனர். ஒருவர் கையில் செபமாலை. ஒருவர் கையில் அட்டை. மூதாட்டி ஒருவர் குளிரில் நடுங்கியபடி மண்டியிட்டிருக்கிறார். கார் ஒன்று வந்து நிற்கிறது. இளம்பெண் ஒருத்தி இறங்குகிறாள். யாரையும் பாராமல் நடக்கிறாள். நிற்போரின் உதடுகள் விரைகின்றன. அவள் உள்ளே செல்கிறாள். கதவு மூடிக்கொள்கிறது.

அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் அயர்லாந்திலும், கருக்கலைப்பு நடைபெறும் மருத்துவமனைகளின் வாயிலில் காணப்பட்டுவரும் காட்சி இது. முறைவைத்து நின்று, விழித்திருந்து, கருவிலுள்ள உயிருக்காகக் கடவுளிடம் மன்றாடுகிறோம் என்கின்றனர் நிற்போர். நின்றவர்கள் வீடு திரும்பியதும் தாம் கண்டதை எழுதுகின்றனர். மேடையேறிச் சொல்கின்றனர். நூலாக அச்சிடுகின்றனர். திரைப்படமாகவும் எடுத்துவிட்டனர். கிறித்தவர்கள் வழக்கில் இதற்குப் பெயர் 'சாட்சி சொல்லுதல்'.

இந்தச் சாட்சிகள் தனியொரு எழுத்து வகையாகவே வளர்ந்துவிட்டன. எழுத்து என்று வந்துவிட்டால் அது திறனாய்வுக்கு உரியது. அந்த முறையிலேயே அவற்றைப் படிக்க முற்பட்டோம். வழிபாட்டில் நம்பிக்கையற்றவர், நம்பிக்கையுள்ளவரின் எழுத்தைக் கையில் எடுக்கும்போது இரண்டு குற்றங்கள் எளிதாக நேரும். ஒன்று, எள்ளி நகையாடுவது. மற்றொன்று, படிக்காமலே எடுத்தெறிவது. இரண்டும் அறிவுக்கு அழகல்ல. படிப்போம், பொறுமையோடு படிப்போம், படித்த பிறகு கேட்க வேண்டியதைக் கேட்போம்.

நாற்பது நாள் நோன்பு

டெக்சஸ் மாநிலத்தில் பிரையன் என்றோர் ஊர். அருகே காலேஜ் ஸ்டேஷன் என்னும் பல்கலைக்கழக நகரம். அங்கு 2004-ஆம் ஆண்டில் நால்வர் ஒரு பழைய மர மேசையைச் சுற்றி அமர்ந்து ஒரு மணி நேரம் செபித்தனராம். எழும்போது அவர்களுக்கு ஒரு திட்டம் கிடைத்துவிட்டது. ஊரிலுள்ள கருக்கலைப்பு மருத்துவ நிலையத்தின் முன் நாற்பது நாள், இரவும் பகலும் இடைவிடாமல், ஆள் மாற்றி ஆள் நின்று செபிப்பது என்பதே அத்திட்டம். ஏன் நாற்பது? விவிலியத்தில் பெருமழை பெய்தது நாற்பது நாள். ஏசு பாலைநிலத்தில் நோன்பிருந்தது நாற்பது நாள். 2007-இல் இம்முயற்சி நாடு முழுதும் பரவியது. பின்னர் வேறு நாடுகளுக்கும் சென்றது. ஆண்டுக்கு இருமுறை, தவக்காலத்தில் ஒருமுறையும் இலையுதிர் காலத்தில் ஒருமுறையும், வாயில்களில் கூட்டம் நிற்கிறது.

நிற்க வருவோர் அமைதி காப்போம் என்று உறுதிமொழியில் ஒப்பமிட வேண்டும். இந்த ஒப்பம் ஏன் தேவைப்பட்டது? அதற்கு ஒரு வரலாறு உண்டு. 1991-இல் கான்சஸ் மாநிலத்து விச்சிட்டா நகரில் மருத்துவமனை வாயில்களை மறித்துக் கிடந்து ஆயிரக்கணக்கானோர் கைதாயினர். 1993-இல் புளோரிடா மாநிலத்துப் பென்சகோலா நகரில், மருத்துவமனைக்கு வெளியே ஆர்ப்பாட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே மருத்துவர் டேவிட் கன் சுட்டுக் கொல்லப்பட்டார். 1994-இன் இறுதியில் பாஸ்டனை அடுத்த புரூக்லைனில், இரண்டு மருத்துவமனைகளில் வரவேற்பு மேசையில் அமர்ந்திருந்த இரண்டு பெண்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். 2009-இல் மருத்துவர் ஜார்ஜ் டில்லர் கொல்லப்பட்டது மருத்துவமனையில் அன்று, தேவாலயத்தில்! ஞாயிற்றுக்கிழமை வழிபாட்டுக்கு வந்திருந்த இடத்தில்!

நாற்பது நாள் நோன்பினர் இக்கொலைகளைக் கண்டிப்பவர்கள். அதை மறைப்பது நேர்மையன்று. எனினும் ஒன்றை எண்ணிப் பார்க்க வேண்டும். வாயிலைக் கடக்கும் பெண்ணுக்கு இந்த வரலாறு தெரியும். எதிரே நிற்பவர் எந்த வகையினர் என்பது மட்டும் தெரியாது. உறுதிமொழியில் ஒப்பமிட்டவர் யார், ஒப்பமிடாதவர் யார் என்று நெற்றியில் எழுதியா இருக்கிறது? சாட்சி எழுதுவோர் தம் உள்ளத்து அமைதியைப் பக்கம் பக்கமாக எழுதுகின்றனர். அவளுடைய நெஞ்சின் படபடப்புக்கு ஒரு வரியும் ஒதுக்குவதில்லை.

நல்லதை நல்லதென்போம்

இச்சாட்சிகளில் நல்ல பக்கங்கள் இல்லாமலில்லை. மழையில் நனைந்து நிற்பதையும், காரில் போவோர் வீசும் வசைமொழியையும், யாரோ முன்பின் அறியாதவர் கொண்டுவந்து நீட்டிய சூடான காப்பியையும் அவர்கள் எழுதும்போது அதில் பொய் இல்லை. 'நான் ஏன் இங்கே நிற்கிறேன்? யாருக்கு இதனால் பயன்?' என்று விடியற்காலையில் தம்மைத் தாமே கேட்டுக்கொள்ளும் இடங்கள் உண்டு. அந்த இடங்களில் எழுத்து உயிர் பெறுகிறது. ஐயம் நுழையும் இடத்தில்தான் எழுத்துக்கு மூச்சு வருகிறது.

பாஸ்டனைச் சேர்ந்த எலினார் மெக்கல்லன் என்னும் மூதாட்டியை எடுத்துக்கொள்வோம். எழுபது வயதைத் தாண்டியும் மருத்துவமனை வாயிலில் நின்றவர். கூச்சலிடாதவர். காலை வணக்கம் சொல்லி, ஏதேனும் உதவி வேண்டுமா என்று தணிந்த குரலில் கேட்டவர். மனம் மாறிய பெண்களுக்குக் கைப்பொருளைச் செலவிட்டு உதவியவர். புரூக்லைன் கொலைகளுக்குப் பிறகு மாசசூசெட்ஸ் மாநிலம் முதலில் ஒரு பாதுகாப்பு எல்லை வகுத்தது. 2007-இல் அதை இறுக்கி, வாயிலைச் சுற்றி 35 அடிக்குள் எவரும் நிற்கலாகாது என்று கோடு கிழித்தது. மெக்கல்லன் வழக்குத் தொடுத்தார். 2014-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஒருமனதாக அச்சட்டத்தைச் செல்லாததாக்கியது. பொது நடைபாதை பேச்சுக்கு உரிய இடம். வாயிலை மறிப்போரைத் தடுக்க வேறு வழிகள் இருக்கின்றன. மென்மையாகப் பேசுவோரின் வாயையும் சேர்த்து அடைப்பது தேவைக்கு மிஞ்சிய செயல் என்பது நீதிமன்றத்தின் கருத்து.

அம்மையாரின் கொள்கையை நாம் ஏற்கவில்லை. அவருடைய கனிவை மறுக்கவும் இல்லை. கொள்கையில் மாறுபட்டவரிடம் குணம் இருக்கக்கூடாதென்று எந்தப் பகுத்தறிவு நூலும் சொல்லவில்லை!

கணக்கில் வராதவர்கள்

குணத்தைப் போற்றிவிட்டுக் கணக்கைப் பார்ப்போம். பள்ளியில் பாடம் சொல்லும் நமக்குக் கணக்கைக் கண்டால் கை சும்மா இருப்பதில்லை.

தேர்வு நாளன்று வகுப்பில் முக்கால்வாசிப் பேர் நெற்றியில் நீறோ குங்குமமோ இட்டு வருவார்கள். சிலர் மாதா படத்தைப் பையில் வைத்திருப்பார்கள். தேர்வு முடிவு வந்ததும் தேறிய பையன் ஓடிவந்து, "வேண்டிக்கொண்டேன் சார், பலித்துவிட்டது" என்பான். தவறிய பையனும் வேண்டிக்கொண்டவன்தான். அவன் வருவதில்லை, வீட்டில் முகத்தை மறைத்துக்கொண்டு கிடக்கிறான். ஆகவே நம் காதில் விழும் சாட்சிகளெல்லாம் பலித்த சாட்சிகள். வேண்டுதல் வெல்வதாகத் தோன்றுவதற்கு இது போதும்.

வாயிலோரச் சாட்சிகளின் அமைப்பும் இதுவே. நாற்பது நாளில் முப்பத்தொன்பது நாள் பெண்கள் உள்ளே சென்றார்கள் என்றால், அந்த முப்பத்தொன்பது நாளும் ஒரே பத்தியில் முடிந்துவிடும். நாற்பதாம் நாள் ஒருத்தி திரும்பிச் சென்றால் அவளுக்கு ஓர் அதிகாரம்! திரும்பியவள் ஏன் திரும்பினாள்? நாள் தவறி வந்தாளா, பணம் போதவில்லையா, வேறு மருத்துவமனைக்குப் போனாளா? கேட்டவர் யார்? கார் திரும்பிப் போயிற்று. ஓர் உயிர் பிழைத்தது என்று எண்ணிக்கையில் ஒன்று கூட்டப்பட்டது. அப்படிக் கூட்டிக் கூட்டி, காப்பாற்றப்பட்ட உயிர்கள் பல்லாயிரம் என்று இயக்கம் அறிவிக்கிறது.

பிரையன் நகர நிலையத்தின் கதையையே பார்ப்போம். இயக்கம் பிறந்த இடத்திலிருந்த அந்த மருத்துவ நிலையம் 2013-இல் மூடப்பட்டது. செபத்துக்குக் கிடைத்த விடை என்று அதைக் கொண்டாடினர். விடை கடவுளிடமிருந்து வந்ததா? 2011-இல் டெக்சஸ் சட்டமன்றம் குடும்பக் கட்டுப்பாட்டுக்கான நிதியைப் பெரும் அளவில் வெட்டியது. 2013-இல் கருக்கலைப்பு நிலையங்களின்மேல் கடுமையான கட்டட விதிகளையும் மருத்துவர் விதிகளையும் சுமத்தும் சட்டம் ஒன்றை இயற்றியது. நாற்பதுக்கு மேல் இருந்த நிலையங்கள் ஏறத்தாழப் பாதியாயின. அச்சட்டத்தின் முதன்மை விதிகளை 2016-இல் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. ஆனால் மூடிய கதவுகள் பல மூடியபடியே கிடந்தன. வானத்திலிருந்து வந்ததாகச் சொல்லும் விடையில் ஆளுநரின் கையெழுத்தல்லவா இருக்கிறது!

மூடிய கதவுக்குப் பின்னால் நின்றுபோனது கருக்கலைப்பு மட்டுமா? கருத்தடைச் சாதனம் வாங்க வந்தவர்களுக்கும், புற்றுநோய்ச் சோதனைக்கு வந்த ஏழைப் பெண்களுக்கும் அதே கதவுதான். அந்தப் பெண்களைப் பற்றிச் சாட்சி எங்கே?

2022 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம், 1973-இல் தான் வழங்கிய தீர்ப்பைத் தானே நீக்கியது. பல மாநிலங்கள் கருக்கலைப்பை ஏறத்தாழ முற்றிலும் தடைசெய்தன. செபம் பலித்தது என்றனர். ஆனால் 2023-இல் அந்நாட்டில் நடந்த கருக்கலைப்புகள் பத்து லட்சத்துக்கு மேல் என்று, நெடுங்காலமாக இக்கணக்கை எடுத்துவரும் குட்மாக்கர் ஆய்வு நிறுவனம் மதிப்பிட்டது. பத்தாண்டுகளுக்கு மேலாகக் காணாத எண்ணிக்கை அது. கதவு மூடியது, தேவை மூடவில்லை. நெடுந்தொலைவு பயணம் செய்தும், அஞ்சலில் மாத்திரை பெற்றும் பெண்கள் தம் வழியைத் தேடிக்கொண்டனர்.

வேலிக்கு இப்பாலும் அப்பாலும்

இச்சாட்சிகளில் பெரும்புகழ் பெற்றது அபி ஜான்சன் என்னும் அம்மையாருடையது. மேலே சொன்ன பிரையன் நிலையத்தின் இயக்குநராக இருந்தவர். வெளியே நின்று செபிப்போரை வேலிக்கு உள்ளிருந்து பார்த்துவந்தவர். 2009 செப்டம்பரில் ஒரு நாள், ஸ்கேன் கருவியின் துணையோடு நடந்த கருக்கலைப்பில் உதவியதாகவும், திரையில் கண்டது தம்மை உலுக்கியதாகவும் கூறி, அக்டோபரில் பணி விலகி வேலியின் மறுபக்கம் சேர்ந்தார். பின்னர் 'அன்பிளான்ட்' என்ற பெயரில் நூல் எழுதினார். 2019-இல் அது திரைப்படமாயிற்று.

அம்மையார் குறிப்பிட்ட நாளின் நிலையப் பதிவேடு அவர் சொல்லும் விவரங்களோடு பொருந்தவில்லை என்று 2010-இல் 'டெக்சஸ் மந்த்லி' இதழில் செய்தியாளர் ஒருவர் எழுதினார். அம்மையாரோ தம் கூற்றில் உறுதியாக நிற்கிறார். அந்த வழக்கை இங்கே நாம் தீர்க்கப்போவதில்லை. நமக்கு வியப்பளிப்பது வேறொன்று. அந்த நிகழ்ச்சியில் மூவர் இருக்கின்றனர்: மருத்துவர், ஸ்கேன் கருவியைப் பிடித்த அபி ஜான்சன், மேசைமேல் படுத்திருந்த பெண். மருத்துவர் செய்ததை அறிகிறோம். அம்மையார் உணர்ந்ததை அறிகிறோம். மேசைமேல் கிடந்தவள் என்ன நினைத்தாள்? எந்த ஊரிலிருந்து வந்தாள்? வீட்டில் எத்தனை குழந்தைகள்? கதை முழுதும் அவள் உடலின்மீது நடக்கிறது. அவளுக்கு மட்டும் பேச்சு இல்லை.

அம்மையார் ஒருவரின் குறையன்று இது. இந்த எழுத்து வகைக்கே உரிய குறை. வாயிலோரச் சாட்சியில் பெண் இரண்டே வடிவில் வருகிறாள். திரும்பினால் வெற்றிச் சின்னம். திரும்பாவிட்டால் இரக்கத்துக்குரிய உருவம். இரண்டிலும் அவள் வாய் திறப்பதில்லை.

செபம் யார் காதுக்கு?

இப்போது நாம் கேட்க நினைத்த வினாவுக்கு வருகிறோம். கடவுள் எங்கும் இருக்கிறார். உள்ளத்தில் எழுவதையும் அறிவார். அறைக்குள் சென்று கதவைச் சாத்திக்கொண்டு மன்றாடினாலும் கேட்பார். இது அவர்களே நமக்குச் சொல்லும் பாடம். அவ்வாறாயின் மருத்துவமனை வாயிலுக்கு வருவானேன்? வீட்டில் சொன்னால் கேட்கும் காது, வாயிலில் சொன்னால்தான் கேட்குமா?

கடவுளுக்கு அந்த வாயில் தேவையில்லை. தேவைப்படுவது அந்தப் பெண் பார்ப்பதற்காக. உதடு கடவுளை நோக்கி அசைகிறது. உடல் அவளை நோக்கி நிற்கிறது. ஆகவே அது செபம் என்ற பெயரில் அவளோடு நடக்கும் பேச்சு. பேச்சு என்றால் குற்றமில்லை. ஆனால் பேச்சுக்குச் சில முறைகள் உண்டு. கேட்பவருக்கு மறுமொழி சொல்லும் உரிமை உண்டு. கேட்க விரும்பவில்லை என்று விலகும் உரிமையும் உண்டு. செபத்துக்கு மறுமொழி சொல்ல முடியுமா? மருத்துவமனைக்கு வேறு வாயில் உண்டா?

இந்த வினாவை ஏட்டளவில் நிறுத்தாமல், ஒரு நீதிமன்றமே எடுத்துப் பார்த்தது. லண்டன் மாநகரின் ஈலிங் பகுதியில், ஒரு மருத்துவமனையின் எதிரே இருபது ஆண்டுகளுக்கு மேலாகச் செபக்கூட்டம் நின்றுவந்தது. 2018 ஏப்ரலில் அப்பகுதி மன்றம், இங்கிலாந்தில் முதன்முறையாக, அந்த வாயிலைச் சுற்றி ஒரு பாதுகாப்பு எல்லையை வகுத்தது. அலினா டல்கெரியு என்ற அம்மையார் அதை எதிர்த்து வழக்காடினார். அவர் யார்? கருவுற்ற நிலையில் கைவிடப்பட்டு, கருக்கலைப்புக்காகச் சென்ற நாளில், வாயிலில் நின்றவர் தந்த துண்டறிக்கையைப் பெற்று, அவர்கள் தந்த உதவியை ஏற்று, மகளைப் பெற்றெடுத்தவர். "எனக்குக் கிடைத்த உதவி இன்னொருத்திக்குக் கிடைக்காமல் போகலாமா?" என்பதே அவருடைய வழக்கின் சாரம்.

தோழர்களே, இக்குரலை நாம் மறைக்கக் கூடாது. நமக்கு ஒவ்வாத சாட்சி என்பதால் அது பொய்யாகிவிடாது. அவர் பெற்ற உதவி உண்மை. அவர் மகிழ்ச்சி உண்மை.

அதே வழக்கில் வேறு பெண்களின் வாக்குமூலங்களும் வந்தன. முன்பின் அறியாதவர் தம்மை 'அம்மா' என்று விளித்ததையும், கையில் செபமாலையையும் கருவின் படத்தையும் திணித்ததையும், வேறு வழியின்றி அந்தக் கூட்டத்தைக் கடந்து சென்ற கலக்கத்தையும் அவர்கள் சொன்னார்கள். அவர்களுடைய துன்பமும் உண்மை. மேல்முறையீட்டு நீதிமன்றம் இரு தரப்பையும் கேட்டு, 2019-இல் அந்த எல்லை செல்லும் என்றது. நெருக்கடியான மருத்துவ நேரத்தில் ஒரு பெண்ணின் தனிமைக்கு மதிப்பு உண்டு. அவளைக் கட்டாயக் கேட்போராக்கிப் பேசும் உரிமை அதற்கு மேற்பட்டதன்று என்பதே தீர்ப்பின் பொருள்.

'அம்மா' என்ற அழைப்பைப் பற்றி ஒரு சொல். கருக்கலைப்புக்கு வருபவள் தாய்மையை அறியாத சிறுபெண் என்று சாட்சிகள் கருதிக்கொள்கின்றன. அமெரிக்காவில் 2014-இல் எடுத்த கணக்குப்படி, கருக்கலைப்பு செய்துகொண்டோரில் நூற்றுக்கு 59 பேர் ஏற்கெனவே ஒரு பிள்ளையேனும் பெற்றவர்கள். ஏறத்தாழப் பாதிப்பேர் வறுமைக்கோட்டுக்குக் கீழே இருந்தவர்கள். தாய்மை என்னவென்று நடைபாதையில் நிற்பவர் அவளுக்குக் கற்பிக்க வேண்டியதில்லை. அன்று காலைதான் பிள்ளைக்கு உணவூட்டிவிட்டு வந்திருப்பாள்!

இன்னொரு செய்தியையும் நேர்மையோடு சொல்ல வேண்டும். கலிபோர்னியப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அமெரிக்காவின் 30 மருத்துவமனைகளுக்கு வந்த பெண்களிடம், ஐந்தாண்டுக் காலம் தொடர்ந்து கேட்டறிந்தனர். அழைக்கப்பட்டவர் எல்லாரும் அதில் சேர இசையவில்லை. எனினும் இத்துறையில் பெரிய ஆய்வு அது. வாயிலில் நிற்போரைத் தொலைவில் கண்டு சென்றவர்களை விட, அவர்களால் இடைமறிக்கப்பட்டவர்கள் கூடுதலாக மனம் கலங்கினர். ஆனால் ஒரு வாரம் சென்ற பின் கேட்டபோது, தம் முடிவைப் பற்றிய உணர்ச்சியில் இரு சாராருக்கும் வேறுபாடு காணப்படவில்லை. நம் பக்கத்தாருக்கும் இது பாடம்: வாயிலில் பட்ட கலக்கம் வாழ்நாள் முழுதும் தீராத புண் என்று நாம் மிகைப்படுத்தக் கூடாது. அவர்கள் பக்கத்தாருக்கு இதைவிடப் பெரிய பாடம்: அந்த நிற்பு அவளைக் கலக்குகிறது, பெரும்பாலும் மாற்றுவதில்லை.

உள்ளத்துக்குக் காவலரா?

இங்கே பகுத்தறிவாளருக்கே ஒரு சோதனை வருகிறது.

2022 டிசம்பரில் பர்மிங்காம் நகரில், மருத்துவமனை மூடியிருந்த நேரத்தில், எல்லைக்குள் தனியே நின்ற இசபெல் வான்-ஸ்புரூஸ் என்ற அம்மையாரை நெருங்கி, செபிக்கிறீர்களா என்று காவலர் கேட்டார். மனத்துக்குள் செபித்துக்கொண்டிருக்கலாம் என்றார் அவர். கைதானார். 2023 பிப்ரவரியில் நீதிமன்றம் விடுவித்தது. 2024-இல் காவல்துறை அவருக்கு 13,000 பவுன் இழப்பீடு தந்தது. அதே 2022-இல் போர்ன்மத் நகரில் ஆடம் ஸ்மித்-கானர் என்பவர் எல்லைக்குள் மௌனமாக நின்றார். ஏறத்தாழ இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன், தம் அன்றைய காதலிக்குக் கருக்கலைப்பு செய்யப் பணம் தந்தவர் அவர். பிறவாத மகனை நினைந்து நின்றதாகக் கூறினார். அவர் செபத்தின் தன்மை என்ன என்று மன்ற அலுவலர் கேட்டார். 2024 அக்டோபரில் குற்றவாளி எனத் தீர்ப்பாயிற்று. நிபந்தனையோடு விடுதலையும், 9,000 பவுன் வழக்குச் செலவும்.

"நல்லது, வேண்டும் அவர்களுக்கு" என்று நம்மில் சிலர் கைகொட்டக்கூடும். வேண்டாம். ஒருவர் மனத்துக்குள் என்ன ஓடுகிறது என்று காவலர் கேட்கும் நாள் எவருக்கும் நல்ல நாளன்று. இன்று செபத்தைக் கேட்பவர் நாளை மறுப்பையும் கேட்பார். சிந்தனைக்காகச் சிறை சென்றோரைப் போற்றும் நாம், சிந்தனைக்கு வேலி கட்டுவதைப் போற்றலாகாது.

அப்படியானால் எல்லையே கூடாதா? கூடும், வேண்டும். சட்டம் அளக்க வேண்டியது எண்ணத்தை அன்று, அடியை. 2023-இல் இயற்றி 2024 அக்டோபர் 31 முதல் இங்கிலாந்திலும் வேல்சிலும் நடைமுறைக்கு வந்த சட்டம், மருத்துவமனையைச் சுற்றி 150 மீட்டர் தொலைவை வகுத்தது. ஸ்காட்லாந்து அதே ஆண்டில் 200 மீட்டர் என்றது. அயர்லாந்து 100 மீட்டர் என்றது. 150 மீட்டர் என்பது இரண்டு நிமிட நடை. அதற்கு அப்பால் பாடலாம், பேசலாம், மண்டியிடலாம், துண்டறிக்கை தரலாம். கடவுளுக்கு இரண்டு நிமிட நடை ஒரு தொலைவா? அந்தப் பெண்ணுக்கோ அது ஒரு மூச்சு விடும் இடம். இந்த அளவுகோலை நமக்கும் வைத்துக்கொள்வோம். எல்லைக்குள் அவர்கள் செபமும் வேண்டாம். நம் முழக்கமும் வேண்டாம். அவள் நம் கொடிக்கம்பமும் அல்லள்.

ஸ்மித்-கானரின் துயரத்தை நாம் பழிக்கவில்லை. இழப்பை நினைந்து அழும் மனிதனுக்கு முன் தலைகுனிவதே பண்பு. ஆயினும் திறனாய்வாளன் ஒன்றைக் கேட்டே ஆக வேண்டும். அந்தக் கதையிலும் ஒரு பெண் இருந்தாளே, அவள் எங்கே? அவளுக்கும் இருபத்திரண்டு ஆண்டுகள் கழிந்திருக்குமே? உலகம் முழுதும் அவர் துயரத்தைக் கேட்டது. 2025 பிப்ரவரியில் மியூனிக் மாநாட்டு மேடையில் அமெரிக்கத் துணைக் குடியரசுத் தலைவர் வான்சே அவர் பெயரைச் சொன்னார். அவளுடைய துயரமோ, நிம்மதியோ, எது என்று கேட்டவர் எவருமில்லை.

சாட்சி முழுமை பெற

கருவிலுள்ள உயிருக்காக இரவெல்லாம் விழித்திருப்போர் உண்மையிலேயே இரக்கமுள்ளவர்கள் என்றே வைத்துக்கொள்வோம். அந்த இரக்கத்துக்கு நாம் வேறு வாயில்களைக் காட்டுவோம். அமெரிக்காவில் 1993-ஆம் ஆண்டுச் சட்டம் தருவது பன்னிரண்டு வார விடுப்பு, அதுவும் ஊதியமில்லாமல், அதுவும் எல்லாருக்கும் அன்று. பேறுகாலத்தில் ஊதியம் வேண்டுமென்று சட்டமன்ற வாயிலில் நாற்பது நாள் நிற்கலாமே! கருவுற்றவளை வேலையைவிட்டு நீக்கும் முதலாளியின் வாயிலில் நிற்கலாமே! பிள்ளைக்குக் காரணமாகிப் பின் ஓடிப்போனவனின் வீட்டு வாயிலில் மண்டியிடலாமே! அங்கெல்லாம் செபமாலையைக் காணோம். எல்லாவற்றையும் கடந்து, கடைசியாக, வேறு வழியின்றி ஒருத்தி வந்து சேரும் வாயிலில்தான் எல்லாச் செபமும் குவிந்து கிடக்கிறது. மெக்கல்லன் அம்மையாரைப் போல் கைப்பொருளைத் தருவோர் சிலர் உண்டு, அவர்களுக்கு வணக்கம். ஆனால் தனி ஒருவரின் கனிவு, நாட்டின் நீதிக்கு ஈடாகாது.

இளைஞர் தோழர்களே! இந்தச் சாட்சிகளைப் படியுங்கள். சிரிக்காமல் படியுங்கள். எந்தச் சாட்சியைப் படித்தாலும், அது நம்மவர் எழுதியதாயினும், ஒரு வினாவைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்: யாரைப் பற்றியது இந்தக் கதையோ, அவருக்கு இதில் பேச்சு இருக்கிறதா?

பனி படர்ந்த காலையில் காரிலிருந்து இறங்கி, யாரையும் பாராமல் நடந்து, கதவுக்குப் பின்னால் மறைந்தவளின் சாட்சியை நாம் இன்னும் படிக்கவில்லை. அவள் எழுத விரும்பினால் எழுதட்டும், விரும்பாவிட்டால் வேண்டாம். அதுவரை அவளுக்காகப் பேசும் உரிமை, வாயிலில் நிற்போர்க்கும் இல்லை, நமக்கும் இல்லை. அவளுக்கு நாம் செய்யக்கூடியது ஒன்று உண்டு: வழிவிட்டு நிற்பது.